கச்சேரி விமர்சகராக விரும்புவோருக்கு: வாசகர் கேள்விகளும் பதில்களும்

நாளிதழில் இசை விமர்சனம் எழுதுவதைப் பணியாகக் கொள்ள நினைக்கும் இளைஞர்களும், விமர்சனங்களைப் படித்து மகிழ்ந்தோ மனம் வருந்தியோ எழுதிய ரசிகர்களும், கலைஞர்கள் சிலரும் அனுப்பிய கடிதங்களிலிருந்து தேர்ந்தெடுத்த கேள்விகள் இவை. முப்பது ஆண்டுகளாகக் கச்சேரி விமர்சனம் எழுதிவரும் நம் கட்டுரையாளர் பதிலளிக்கிறார்.

கேள்வி: இசைக் கல்லூரியில் வாய்ப்பாட்டு படிக்கிறேன். என் குரல் மேடைக்குப் போதாது என்று ஆசிரியரே சொல்லிவிட்டார். எழுதுவதில் ஆர்வம் இருப்பதால் விமர்சகராகலாம் என்று நினைக்கிறேன். 'மேடையில் பாட முடியாதவர் பாடுபவரைக் குறை சொல்லலாமா' என்று தோழிகள் கேட்கிறார்கள்.

பதில்: தாராளமாக ஆகலாம். விமர்சகருக்கு வேண்டியது காதும் நினைவாற்றலும். கேட்டதைப் பிறருக்குப் புரியும்படி சொல்லும் மொழியும் கூடவே வேண்டும். குரல்வளம் இருந்தால் நல்லது, இல்லாவிட்டால் அது தடையில்லை. ஆனால் நீங்கள் கற்ற கல்வி வீணாகாது. இருபது வர்ணங்களை இரண்டு காலத்தில் சாதகம் செய்தவருக்கு மூச்சு எங்கே தீரும், எந்தச் சங்கதியில் (ஒரே வரியை மெருகேற்றி மாற்றிப் பாடும் வகையில்) குரல் தடுமாறும், தாளம் எந்த இடத்தில் கைவிட்டுப் போகும் என்பது உடம்பாலேயே தெரியும். நம் காலத்தில் பெரிதும் பேசப்பட்ட விமர்சகரான சுப்புடு நன்றாக ஹார்மோனியம் வாசிப்பார். அவருடைய எழுத்தில் இருந்த துணிச்சலுக்கு அந்தப் பயிற்சியும் ஒரு காரணம் என்றே நான் கருதுகிறேன்.

கற்றவருக்கு ஓர் ஆபத்தும் உண்டு. ஒரே குருவிடம் ஒரே பாடாந்தரத்தை, அதாவது பாடல்களைப் பாடும் ஒரே வழியை, கற்றவர், அதற்கு மாறாக எதைக் கேட்டாலும் பிழை என்று எண்ணிவிடுகிறார். ஒரே கிருதிக்கு ஒரு சிஷ்ய பரம்பரையில் ஆறு சங்கதிகளும் இன்னொன்றில் மூன்றும் இருக்கலாம். அனுபல்லவியின் எடுப்பே, அதாவது அது தொடங்கும் விதமே, வேறுபடலாம். 'எங்கள் வீட்டுப் பாடம் இதுவல்ல' என்பது விமர்சனமாகாது. ஆகவே இந்த ஓராண்டில் ஒரு பயிற்சி செய்யுங்கள். பைரவியை எடுத்துக்கொண்டு, வெவ்வேறு வழிகளைச் சேர்ந்த ஐந்தாறு வித்வான்களின் ஆலாபனைப் பதிவுகளைக் கேளுங்கள். ஏறும்போது சதுச்ருதி தைவதமும் (உயர்ந்த 'த') இறங்கும்போது சுத்த தைவதமும் (தாழ்ந்த 'த') வரும் ராகம் அது என்பது உங்களுக்குப் பாடமாகத் தெரியும். அந்த மாற்றத்தை ஒருவர் எப்படி மறைவாகச் செய்கிறார், இன்னொருவர் எப்படி வெளிப்படையாகக் காட்டுகிறார், ஒருவர் எந்த ஸ்வரத்தில் நெடுநேரம் நிற்கிறார், இன்னொருவர் எதைத் தொட்டுவிட்டு நகர்கிறார் என்று ஒவ்வொரு பதிவுக்கும் பத்து வரி எழுதுங்கள். எது சிறந்தது என்று எழுத வேண்டாம், என்ன நடந்தது என்று மட்டும் எழுதுங்கள். ஐம்பது பக்கம் இப்படி எழுதியபின் தோழிகளுக்குப் பதில் சொல்ல வேண்டிய தேவையே இராது.

கேள்வி: இதை நம்பிப் பிழைக்க முடியுமா? நேரடியாகச் சொல்லுங்கள்.

பதில்: விமர்சனத்தை மட்டுமே நம்பித் தமிழ்நாட்டில் குடும்பம் நடத்த முடியாது. இதை நான் வருத்தத்தோடுதான் எழுதுகிறேன். சென்னையில் மார்கழியையொட்டிய சில வாரங்களில் ஒரே நாளில் பல சபாக்களில் காலை முதல் இரவு வரை கச்சேரிகள் நடக்கின்றன. நாளிதழ்கள் அப்போது பக்கம் ஒதுக்குகின்றன. ஆண்டின் மற்ற மாதங்களில் அந்த இடம் சுருங்கிவிடுகிறது. ஆகையால் கட்டுரைக்கு இவ்வளவு என்று சன்மானம் பெறும் பகுதிநேர எழுத்தாளர்களையே பெரும்பாலான இதழ்கள் வைத்துக்கொள்கின்றன.

நம் முன்னோடிகளைப் பாருங்கள். 'கர்நாடகம்' என்ற புனைபெயரில் ஆனந்த விகடனில் 'ஆடல் பாடல்' எழுதிய கல்கி, பத்திரிகாசிரியராகவும் நாவலாசிரியராகவும் வாழ்ந்தவர். ஆங்கிலத்தில் எழுதிய ஈ. கிருஷ்ண ஐயர் வழக்கறிஞர். பர்மாவிலிருந்து இரண்டாம் உலகப் போரின்போது இந்தியாவுக்கு வந்து சேர்ந்த சுப்புடு, டெல்லியில் மத்திய அரசுப் பணியில் இருந்துகொண்டே எழுதினார். அமெரிக்காவில் பெரிய நாளிதழ்கள் முழுநேர இசை விமர்சகர்களை மாதச் சம்பளத்தில் அமர்த்தியிருந்தன. அங்கே 1971-இல் விமர்சனத்துக்கான புலிட்சர் பரிசு, நியூயார்க் டைம்ஸின் இசை விமர்சகர் ஹாரல்ட் ஷோன்பர்குக்குக் கிடைத்தது. இசை விமர்சகர் ஒருவர் அந்தப் பரிசைப் பெற்றது அதுவே முதல் முறை. இப்போது அங்கும் அத்தகைய பணியிடங்கள் குறைந்துகொண்டே வருகின்றன.

என் ஆலோசனை இது. நாளிதழில் உதவி ஆசிரியராகச் சேருங்கள். தலைப்பிடுதல், செய்தியைச் சுருக்குதல், கெடுவுக்குள் முடித்தல் ஆகிய மூன்றும் அங்கே கைவந்துவிடும். விமர்சனத்தோடு நேர்காணல், அஞ்சலிக் கட்டுரை, நூல் மதிப்புரை, சபாக்களின் நிர்வாகம் பற்றிய செய்திகள் என எல்லாவற்றையும் எழுதப் பழகுங்கள். இசை உலகில் கச்சேரிக்கு வெளியே நடப்பவற்றை எழுதுவதற்கு இன்று ஆள் குறைவு.

கேள்வி: நான் மிருதங்கம் வாசிப்பவன். இருபது ஆண்டுகளில் என்னைப் பற்றி வந்த விமர்சனங்கள் எல்லாவற்றையும் சேர்த்தால் ஒரு பக்கம்கூடத் தேறாது. 'பக்கபலமாக அமைந்தது', 'தனி விறுவிறுப்பாக இருந்தது' என்ற இரண்டு வாக்கியங்களே திரும்பத் திரும்ப வருகின்றன. ஏன் இப்படி?

பதில்: உங்கள் மனக்குறை முற்றிலும் நியாயமானது. விமர்சகர்கள் சார்பில் இதற்கு நான் மூன்று காரணங்கள் சொல்ல முடியும். அவற்றில் ஒன்றுகூடச் சமாதானமாகாது.

முதலாவது, இடம். முந்நூற்றைம்பது சொல்லுக்குள் ஏழெட்டு உருப்படிகளையும் ஒரு பிரதான ராகத்தையும் சொல்லி முடிப்பதற்குள் கடைசிப் பத்தி வந்துவிடுகிறது. பக்கவாத்தியக்காரர்கள் அந்தப் பத்தியில் நெருக்கியடித்துக்கொண்டு நிற்கிறார்கள். இரண்டாவது, அறிவுக்குறை. ராகத்தைப் பற்றி எழுதத் தெரிந்த அளவுக்கு லயத்தைப் பற்றி எழுதத் தெரிந்த விமர்சகர்கள் மிகக் குறைவு. மூன்றாவது காரணத்தைச் சொல்லவே கூச்சமாக இருக்கிறது: தாள வாத்தியங்கள் மட்டும் தனியாக ஒலிக்கும் தனி ஆவர்த்தனம் தொடங்கியதும் எழுந்து சிற்றுண்டிச்சாலைக்குப் போகும் ரசிகர்களோடு விமர்சகர்களும் போய்விடுகிறார்கள்.

மிருதங்கம் கச்சேரி முழுவதும் ஒலிக்கிறது, தனியில் மட்டுமா? நல்ல விமர்சனம் அதை முதல் உருப்படியிலிருந்தே கவனிக்க வேண்டும். ஒரு கச்சேரி இன்னும் என் நினைவில் இருக்கிறது. சௌக்க காலத்தில், அதாவது மெதுவான வேகத்தில், ஒரு பெரிய கிருதி. பாடகர் சரணத்தில் நிரவலுக்கு (ஒரே வரியைப் பலவிதமாக விரித்துப் பாடுவதற்கு) எடுத்துக்கொண்ட வரி தாழ்ந்த ஸ்தாயியில் தொடங்கியது. மிருதங்கக் கலைஞர் வலப்பக்கமான வலந்தலையை அறவே விட்டுவிட்டு, இடப்பக்கமான தொப்பியில் மட்டும் விரல் நுனியால் இரண்டு ஆவர்த்தனம் வாசித்தார். அரங்கம் நிசப்தமாகி, பாடகரின் மந்தர பஞ்சமம் கடைசி வரிசை வரை கேட்டது. மூன்றாவது ஆவர்த்தனத்தில் வரி மத்திய ஸ்தாயிக்கு ஏறியபோது ஒரே ஒரு மீட்டுச் சொல் (கணீரென்று ஒலிக்கும் ஒரு தட்டு) வலந்தலையில் விழுந்தது. அந்த ஒரு சொல்லுக்குப் பாடகர் திரும்பிப் பார்த்துத் தலையசைத்தார். அன்றைய கச்சேரியின் உச்சம் அதுதான். ஆனால் என் விமர்சனத்தில் அது ஒரு வாக்கியமாகவே வந்தது. இன்று எழுதினால் அதிலிருந்தே கட்டுரையைத் தொடங்குவேன்.

தனி ஆவர்த்தனத்தைப் பற்றி எழுதும்போதும் 'விறுவிறுப்பு' என்ற சொல் எதையும் சொல்வதில்லை. இரண்டு களை (ஒவ்வோர் எண்ணிக்கையும் இரட்டித்த மெதுவான) ஆதி தாளத்தில் எந்த நடைக்கு, அதாவது அடியை எத்தனையாகப் பிரிக்கும் முறைக்கு, போனார், எப்போது மூல நடைக்குத் திரும்பினார், கோர்வை (முடிவுக்கான தாளக் கணக்கு) தாளத்தின் முதல் அடியான சமத்தில் முடிந்ததா அல்லது கிருதி தொடங்கும் எடுப்பு இடத்துக்கே வந்து சேர்ந்ததா, கடம் வாசித்தவர் தம் முறை வந்தபோது மிருதங்கம் விட்ட இடத்திலிருந்து எண்ணத்தைத் தொடர்ந்தாரா என்பவற்றைச் சாதாரண வாசகருக்கும் புரியும்படி நான்கு வாக்கியங்களில் சொல்ல முடியும்.

ஒலிபெருக்கியைப் பற்றி ஒரு சொல். மிருதங்கம் இரைச்சலாக இருந்தது என்று எழுதுமுன் விமர்சகர் தாம் எங்கே உட்கார்ந்திருந்தோம் என்று யோசிக்க வேண்டும். பக்கவாட்டு ஒலிபெருக்கிக்கு நேரெதிரே உட்கார்ந்தவருக்குக் கேட்பது, ஒலியமைப்பாளர் தீர்மானித்த மிருதங்கம். இடைவேளை இல்லாத கச்சேரியிலும் நான் ஒருமுறையாவது எழுந்து பின்வரிசைக்குப் போய்க் கேட்டுவிட்டே எழுதுகிறேன்.

கேள்வி: கடுமையாக எழுதுவது அவசியமா? சுப்புடுவின் விமர்சனங்களை என் தந்தை வாய்விட்டுச் சிரித்துப் படிப்பார். எனக்கோ அந்தக் கலைஞர்களின் வீட்டில் அன்று காலை எப்படி இருந்திருக்கும் என்றே தோன்றும்.

பதில்: உங்கள் தந்தையும் நீங்களும் பார்த்த இரண்டு பக்கங்களுமே உண்மையானவை. கல்கியும் சுப்புடுவும் சங்கீத விமர்சனத்தை வித்வான்களின் திண்ணைப் பேச்சிலிருந்து எடுத்துச் சாதாரண வாசகரின் கைக்குக் கொண்டுவந்தார்கள். நகைச்சுவை அதற்குப் பெரிதும் உதவியது. ராகப் பெயர் ஒன்றுகூடத் தெரியாதவர்கள் அவர்களைப் படித்துக் கச்சேரிக்குப் போகத் தொடங்கினார்கள். அந்த நன்மையைக் குறைத்துச் சொல்ல எனக்கு மனம் வராது.

ஆனால் கூர்மையான வாக்கியம், எழுதியவரின் கையைவிட்டுப் போனபின் நெடுங்காலம் வாழும். 1881-இல் வியன்னாவில் ரஷ்ய இசையமைப்பாளர் சாய்கோவ்ஸ்கியின் வயலின் கான்செர்ட்டோ (வயலினுக்கும் இசைக்குழுவுக்குமான படைப்பு) முதன்முதலாக வாசிக்கப்பட்டபோது, அக்காலத்தில் ஐரோப்பாவின் மிகச் செல்வாக்கு வாய்ந்த விமர்சகரான எட்வர்ட் ஹான்ஸ்லிக், காதுக்கு நாற்றமடிக்கும் இசையும் இருக்கக்கூடும் என்ற எண்ணத்தை அது உண்டாக்கியதாக எழுதினார். இன்று உலகெங்கும் வயலின் கலைஞர்கள் விரும்பி வாசிக்கும் படைப்புகளில் அது ஒன்று. ஹான்ஸ்லிக் பெரிய அறிஞர், வியன்னாப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்தவர். அத்தகையவரையும் அந்த ஒரு வரியைக் கொண்டே பலர் நினைவுகூர்கிறார்கள்.

மறுபக்கத்தையும் சொல்ல வேண்டும். 1950 டிசம்பரில் அமெரிக்க அதிபர் ட்ரூமனின் மகள் மார்கரெட் வாஷிங்டனில் பாடினார். வாஷிங்டன் போஸ்டின் விமர்சகர் பால் ஹியூம், அவர் பெரும்பாலான நேரம் சுருதி குறைந்து பாடினார் என்று எழுதினார். அது வெளிவந்த அன்றே அதிபர் தம் கைப்பட, நேரில் சந்தித்தால் விமர்சகருக்குப் புதிய மூக்கு தேவைப்படும் என்ற பொருளில் கடிதம் எழுதினார். தந்தையின் கோபம் எனக்குப் புரிகிறது. ஆயினும் சுருதி குறைந்திருந்தால் அதை எழுதுவதே விமர்சகரின் கடமை. பாடுபவர் யார் மகள் என்பதைப் பொறுத்து அது மாறக் கூடாது.

நான் எனக்கென்று வைத்துக்கொண்ட முறை இது: குறையைச் சொல்லும்போது அது நிகழ்ந்த இடத்தோடு சொல்வது. 'குரல் ஒத்துழைக்கவில்லை' என்று எழுதினால் கலைஞர் புண்படுகிறார். வாசகருக்கும் எதுவும் தெரிவதில்லை. 'கல்யாணி ஆலாபனையில் மேல் ஸ்தாயி காந்தாரத்தை முதன்முறை தொட்டபோது குரல் மெலிந்தது. அதன்பின் மேல் ஷட்ஜத்தைத் தாண்டாமலேயே ராகத்தை முடித்துக்கொண்டார்' என்று எழுதினால், குறையும் தெரிகிறது, அதை அவர் சமாளித்த விவேகமும் தெரிகிறது. இரண்டாவது வாக்கியத்தை எழுதுவதற்கு முழு ஆலாபனையையும் கவனமாகக் கேட்டிருக்க வேண்டும். முதல் வாக்கியத்தைப் பாதித் தூக்கத்தில்கூட எழுதிவிடலாம்.

பிற்பகலில் பாடும் பதினெட்டு வயதுப் பெண்ணையும், மாலை அரங்கை நிறைத்துப் பாடும் மூத்த வித்வானையும் ஒரே தராசில் நிறுக்கக் கூடாது என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். இளம் கலைஞரிடம் பெரிய குறை இருந்து, சொல்ல நல்லது ஒன்றுமே இல்லையென்றால் அந்தக் கச்சேரியைப் பற்றி எழுதாமல் விட்டுவிடுகிறேன். மூத்தவர்களுக்கு அந்தச் சலுகை இல்லை.

கேள்வி: கலைஞர்களோடு நட்பாக இருக்கலாமா? சபாக்கள் தரும் அனுமதிச் சீட்டு, பொன்னாடை இவற்றையெல்லாம் ஏற்கலாமா?

பதில்: சீட்டு பத்திரிகைக்குத் தரப்படுவது, ஏற்கலாம். பொன்னாடையை ஏற்கக் கூடாது. கச்சேரிக்குத் தொகுப்புரை வழங்குவது, இசைத்தட்டுக்குக் குறிப்பு எழுதித் தருவது, வெளிநாட்டுச் சுற்றுப்பயணத்துக்குப் பரிந்துரைப்பது போன்ற வேலைகளை ஒருவருக்குச் செய்தபின் அவருடைய கச்சேரியை விமர்சிப்பது சரியாகாது. உங்கள் குருவையும் அவருடைய மாணவர்களையும் பற்றி வேறொருவர் எழுதட்டும். நட்பை முற்றிலும் தவிர்க்க முடியாது, ஏனெனில் நம் சங்கீத உலகம் மிகச் சிறியது. அதே முகங்களைத்தான் ஆண்டு முழுதும் பார்க்கிறோம். நட்பு உண்டானவரைப் பற்றி எழுதும் பொறுப்பை ஆசிரியரிடம் சொல்லி மாற்றிக்கொள்வதில் எந்த அவமானமும் இல்லை.

கேள்வி: கல்கி தமிழிசை இயக்கத்தில் வெளிப்படையாக ஒரு பக்கம் சேர்ந்தார். விமர்சகருக்கு அப்படி ஒரு கொள்கைச் சார்பு இருக்கலாமா?

பதில்: இருக்கலாம், அது மறைவாக இருக்கக் கூடாது. 1941-இல் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் தமிழிசைக்கு ஆதரவாக மாநாடு கூடி, 1943-இல் சென்னையில் தமிழ் இசைச் சங்கம் தோன்றிய காலத்தில், கச்சேரியில் தமிழ்ப் பாட்டு, கச்சேரியின் முடிவில் சிறு பாடல்கள் வரும் துக்கடாப் பகுதிக்கே ஒதுக்கப்படுவதைக் கல்கி தொடர்ந்து கண்டித்து எழுதினார். அவர் எந்தப் பக்கம் நிற்கிறார் என்பது வாசகருக்குத் தெரிந்தே இருந்தது. தெரிந்துகொண்டுதான் ஏற்றார்கள், எதிர்த்தார்கள்.

ஒரு கச்சேரியில் எத்தனை உருப்படிகள் தமிழில் இருந்தன, அவற்றில் ஒன்றாவது விரிவான ஆலாபனையோடும் நிரவலோடும் பாடப்பட்டதா என்று எழுதுவது தகவல். அதை எழுத விமர்சகருக்கு முழு உரிமை உண்டு. நானும் எழுதுகிறேன், ஏனெனில் அந்தக் கேள்விக்கு இன்றும் உயிர் இருக்கிறது. ஆனால் தியாகராஜரின் தெலுங்குக் கிருதி ஒன்றை உருகிப் பாடியவரிடம், அது தமிழில் இல்லை என்பதற்காக அந்த உருக்கத்தையே மறுப்பது நேர்மையாகாது.

கேள்வி: கச்சேரிகளே இணையத்தில் முழுமையாகக் கிடைக்கின்றனவே, இனி விமர்சனம் எதற்கு?

பதில்: கிடைப்பதனால்தான். நூறு கச்சேரிகள் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கும்போது எதை முதலில் கேட்பது, அதில் எந்த இருபது நிமிடத்தைத் தவறவிடக் கூடாது என்று சொல்ல நம்பத்தகுந்த ஒருவர் தேவைப்படுகிறார். வாசகர் உடனே கேட்டுச் சரிபார்க்க முடியும் என்பதால் விமர்சகரின் பொறுப்பும் கூடியிருக்கிறது. அரங்கில் இல்லாமலே எழுதுவது, நிகழ்ச்சி நிரலைப் பார்த்து எழுதுவது போன்ற பழைய குற்றங்கள் இப்போது ஒரே நாளில் வெளிப்பட்டுவிடும். அதை நான் வரவேற்கிறேன்.

கேள்வி: ஓய்வுபெற்ற ஆசிரியன் நான். விமர்சனங்களில் பிழை கண்டால் பத்திரிகைக்கு எழுதுவது என் வழக்கம். இத்தகைய கடிதங்களை விமர்சகர்கள் படிக்கிறார்களா? தவறு நேர்ந்ததை ஒப்புக்கொள்வதுண்டா?

பதில்: நான் ஒவ்வொன்றையும் படிக்கிறேன். அதற்குக் காரணமான சம்பவத்தைச் சொல்கிறேன்.

எழுதத் தொடங்கிய மூன்றாம் ஆண்டு. அந்த மார்கழியில் ஒரு பாடகரின் கச்சேரியைக் கேட்டுவிட்டு, அவர் பாடிய தர்பாரில் அந்த ராகத்துக்குரிய கம்பீரம் குறைவாக இருந்தது என்று எழுதினேன். பக்கத்தை முடிக்க இன்னும் நாற்பது நிமிடமே இருந்தது. யாரிடமும் கேட்கவில்லை, கேட்க வேண்டும் என்று தோன்றவும் இல்லை. நான்காம் நாள் ஓர் அஞ்சலட்டை வந்தது. அவர் பாடியது நாயகி என்றும், தர்பாரும் நாயகியும் கரகரப்பிரியாவிலிருந்து பிறந்து மிக நெருங்கி நிற்பவை என்றும், காந்தாரத்தைப் பிடிக்கும் விதத்தைக் கவனித்தால் பிரிவு தெரியும் என்றும், அன்று பாடகர் அதைக் குறிப்பாகக் கவனித்தே பாடினார் என்றும் பொடி எழுத்தில் ஏழு வரிகள். வசையாக ஒரு சொல்லும் இல்லை.

ஒருவர் மிகுந்த கவனத்தோடு பாடிய நாயகியை, மோசமான தர்பார் என்று ஆயிரக்கணக்கானோருக்குச் சொல்லிவிட்டேன். ஆசிரியரிடம் அட்டையைக் காட்டினேன். திருத்தம் போடுவது இதழுக்குக் கௌரவக் குறைவு என்று முதலில் தயங்கியவர், பிறகு சம்மதித்தார். மறுநாள் அதே பக்கத்தில், அதே எழுத்தளவில், ராகம் நாயகி என்றும் அதைப் பற்றிச் சொன்ன குறை பொருந்தாது என்றும் ஐந்து வரி வெளிவந்தது. பாடகருக்குத் தனியாகக் கடிதம் எழுதி மன்னிப்புக் கேட்டேன். அவர் பதில் எழுதவில்லை. எழுத வேண்டும் என்று எதிர்பார்க்கும் உரிமையும் எனக்கு இல்லை.

அன்றுமுதல் சிறிதளவு ஐயம் இருந்தாலும் கச்சேரி முடிந்ததும் மேடைப் பக்கம் போய், வயலினை உறையில் வைத்துக்கொண்டிருப்பவரிடம் ராகத்தின் பெயரைக் கேட்டுவிடுகிறேன். யாரும் இதுவரை முகம் சுளித்ததில்லை. ஆகவே நீங்கள் தொடர்ந்து எழுதுங்கள், ஐயா. எந்தத் தேதி இதழ், எந்தப் பத்தி என்பதையும் குறிப்பிட்டால் திருத்துவது எளிதாக இருக்கும்.